ஆனைவிழுங்கிக்குள்ள இறங்கின முள்ளம்பன்றி

எந்தக் காடுன்னா கேக்குற? பேரைச் சொன்னா மட்டும் போயிப் பாத்துட்டு வரப் போறியா என்ன. ஒரு காடு. இந்தப் பக்கம் புதரு, அந்தப் பக்கம் பாறை, நடுவுல ஒரு பெரிய குழி. கதைக்கு இவ்வளவு போதும்.

அந்தக் குழியை யாரும் வெட்டல. அடியில இருந்த சுண்ணாம்புப் பாறையை மழைத்தண்ணி கொஞ்சம் கொஞ்சமாக் கரைச்சுக்கிட்டே இருந்துச்சு. ஒரு நாள் மேல இருந்த தரை அப்படியே உள்ள போயிருச்சு. எட்டிப் பாத்தா, ஒரு பனைமரத்துக்கு மேல இன்னொரு பனைமரத்தை நிறுத்துன ஆழம். மிருகங்க அதுக்கு ஆனைவிழுங்கின்னு பேரு வச்சிருந்துச்சுங்க. ஆனை எதுவும் விழுந்தது கிடையாது. விழுந்தாலும் கொள்ளும்னு சொல்றதுக்காக வச்ச பேரு.

அதுக்குள்ள ஆளுங்களை இறக்கிச் சுத்திக் காட்டுறது உடும்பு அண்ணாச்சியோட வேலை. ஆத்தி மரத்து நாரைத் திரிச்சுக் கயிறு வச்சிருந்தாரு. காலையில இறக்கி விடுவாரு, வெயில் சாஞ்சதும் ஏத்தி விட்டுருவாரு. கீழ ஊத்து உண்டு, நிழல் உண்டு, மண்ணுக்குள்ள காட்டுவள்ளிக் கிழங்கு உண்டு. அவ்வளவா பேசமாட்டாரு. பேசினாலும் பாதி அதட்டலா இருக்கும்.

அந்த வருஷம் கோடை ரொம்பக் கொடுமை. மேல எங்க தோண்டினாலும் கிழங்கு இல்ல. சடையாண்டின்னு ஒரு முள்ளம்பன்றி. அவன் பொண்டாட்டி காத்தாயி அப்பத்தான் குட்டி போட்டிருந்தா. அவளுக்குச் சாப்பாடு இருந்தாத்தான் குட்டிங்களுக்குப் பாலு. பொந்துக்கு வெளிய வந்து சடையாண்டியைப் பாத்து, ஆனைவிழுங்கிக்குள்ள கிழங்கு இருக்காமே, போயிட்டு வாங்களேன்னா.

சடையாண்டிக்குச் சந்தேகம்.

அவனுக்கு எதுலதான் சந்தேகம் இல்ல. மழை வந்தா, எதுக்கு இப்ப வருதுன்னு கேப்பான். பக்கத்துப் புதருல இருக்கிற செவலை முயலு போன வாரம் குழிக்குள்ள போயிட்டுக் கொழுகொழுன்னு திரும்பி வந்திருந்தா. எல்லாரும் நல்லதாப் போச்சுன்னாங்க. சடையாண்டி மட்டும், வேணும்னே தின்னக் கொடுத்து அனுப்பியிருக்காங்க, அவளைப் பாத்து நாலு பேரு வரட்டும்னு, அப்படின்னான். அண்ணாச்சி கூலி எதுவும் வாங்குறதில்ல. நீங்க கிழங்கு தோண்டும்போது மண்ணுல புழு கிளம்பும், அது எனக்குப் போதும்னு சொல்லுவாரு. சடையாண்டி அதைத்தான் ராத்திரியெல்லாம் யோசிச்சான். புழுவுக்காக ஒருத்தன் இத்தனை பாடுபடுவானா?

ஆனா குட்டிங்க அழுதுச்சுங்க. போனான்.

குழி விளிம்புல செவலை ஏற்கனவே வந்து நின்னா. இவனைப் பாத்ததும், "என்ன மாமா, சாவுக்குப் போற மாதிரி வர்றீங்க"ன்னா. அண்ணாச்சி அவளை முதல்ல இறக்கினாரு. அவ துள்ளித் துள்ளிச் சுவத்துல காலை வச்சு இறங்கிப் போயிட்டா. போறப்ப சிரிப்புச் சத்தம் கேட்டுச்சு. கொஞ்ச நேரத்துல அதுவும் நின்னுச்சு. ஏன் நின்னுச்சுன்னு சடையாண்டி குறிச்சு வச்சுக்கிட்டான்.

இப்ப இவன் முறை. அண்ணாச்சி ரெண்டு கயிறு எடுத்தாரு. பெரிய கயித்தை இலுப்பை மரத்துல கட்டி, இவன் காலுக்கு நடுவுல விட்டு, முதுகைச் சுத்தித் தோள் வழியாக் கொண்டு வந்து கையில கொடுத்தாரு. இதைக் கொஞ்சம் கொஞ்சமா விட்டுக்கிட்டே, உடம்பைப் பின்னால சாய்ச்சு, பாறையில காலை ஊனி இறங்கணும்னாரு. ரெண்டாவது கயிறு காவல் கயிறு. ஒரு முனை இவன் இடுப்புல, மறுமுனை அவரு இடுப்புல. பெரிய கயிறு கைநழுவினாலும் அவரு பிடிச்சுக்குவாராம்.

சடையாண்டி அந்த இடுப்பைப் பாத்தான். செதிலெல்லாம் தேஞ்சு, சுத்தி ஒரு பள்ளமே விழுந்திருந்துச்சு. இங்க யாரு பிடிச்சு இழுத்திருப்பா? எவனோ உசுருக்குப் போராடி இறுக்கிப் பிடிச்ச தடம் மாதிரி இருக்கேன்னு நினைச்சான்.

"ஒண்ணு மட்டும் சொல்லிடுறேன்" அப்படின்னாரு அண்ணாச்சி. "முள்ளைப் படிய வச்சுக்க. சிலிர்த்தேன்னா கயித்தை அறுத்துரும்."

சடையாண்டிக்குச் சுருக்குன்னுச்சு. முள்ளம்பன்றிகிட்ட இருக்கிறதே அந்த முள்ளு ஒண்ணுதான். அதைப் படிய வைன்னு சொல்றான். அதுக்கு ஒரு காரணமும் சொல்றான். உண்மை பேசுறவன் எதுக்குக் காரணம் சொல்லணும்? ஆனாலும் சரி சரின்னு தலையை ஆட்டிட்டு இறங்க ஆரம்பிச்சான்.

அண்ணாச்சி பாறை வெடிப்புல நாலு காலையும் ஊனி உக்காந்துக்கிட்டாரு. சடையாண்டி கொஞ்ச தூரம் ஒழுங்காத்தான் இறங்கினான். அப்பத்தான் அவரு கீழ பாத்துக் குரல் கொடுத்தாரு.

"பெருசு ஒண்ணு வருதுடா. தயாரா இரு."

கீழ இருட்டுக்குள்ளருந்து மெதுவா, இழுத்து இழுத்து, ஒரு குரல் வந்துச்சு. "வரட்டும் அண்ணாச்சி. நேத்து வந்தது வெறும் எலும்பு."

சடையாண்டி அப்படியே நின்னுட்டான். குழியில பாதி ஆழம். மேல வட்டமா வானம், கீழ ஒண்ணும் தெரியல. கீழ ஒருத்தன் இருக்கான். எலும்பு பிடிக்காதவன். மேல ஒருத்தன் இருக்கான். அவன் இடுப்புல கட்டின கயிறு என் இடுப்புல இருக்கு. ஆட்டை இழுத்துட்டுப் போறவனும் இப்படித்தானே கட்டுவான். செவலை சிரிப்பு ஏன் நின்னுச்சுன்னு இப்பப் புரிஞ்சுது அவனுக்கு. எல்லாமே புரிஞ்சுது. இவ்வளவு தெளிவா அவனுக்கு எதுவும் இதுக்கு முன்னால புரிஞ்சதே இல்ல.

உடனே குனிஞ்சு, காவல் கயித்தைக் கறகறன்னு பல்லால கடிச்சு அறுத்துட்டான். அறுத்ததும் முள்ளு அத்தனையையும் சிலிர்த்துக்கிட்டான். எவன் வந்தாலும் வரட்டும்னு தெம்பா இருந்துச்சு.

அந்தத் தெம்பு ரொம்ப நேரம் நிக்கல. மூக்கு மேல என்னமோ தூசி விழுந்துச்சு. தட்டி விட்டான். மறுபடி விழுந்துச்சு. அண்ணாந்து பாத்தா, நாரு. தோளுக்கு மேல அவனோட முள்ளே பெரிய கயித்தை ரம்பம் மாதிரி அறுத்துக்கிட்டிருந்துச்சு. அவன் மூச்சு விட்டா ஒரு புரி போகுது. பயந்து இன்னும் கொஞ்சம் சிலிர்த்தான். இன்னொரு புரி போச்சு.

படிய வைக்கணும்னு மண்டைக்குத் தெரியுது. முதுகுக்குத் தெரியல. சந்தேகம் வந்தா முள்ளு எழும்பும், அவன் உடம்பு அப்படிப் பழகிப் போச்சு.

மேல காவல் கயிறு லேசானதுமே அண்ணாச்சிக்குத் தெரிஞ்சு போச்சு. சத்தம் போடல. அறுந்த கயிறு இடுப்புல தொங்க, செங்குத்துப் பாறையில தலைகீழா இறங்கி வந்தாரு. நகம் பாறையில உரசுற சத்தம் சடையாண்டிக்குப் பக்கத்துல வந்துக்கிட்டே இருந்துச்சு.

"கிட்ட வராத" அப்படின்னான். "கீழ இருக்கிறது யாரு, அதைச் சொல்லு மொதல்ல."

"தேவாங்கு. முடிச்சு அவிழ்க்கிறவன்."

"தயாரா இருன்னு எதுக்குச் சொன்ன?"

"நீ கனமா இருக்க. அதான்."

"நான் நம்பல."

"நம்ப வேண்டாம். கயித்துல ஒரு புரிதான் பாக்கி இருக்கு, அது நம்புதான்னு பாரு." அண்ணாச்சி இன்னும் ஒரு அடி வந்தாரு. ஒரு முள்ளு அவரு தோள்ல ஏறுச்சு. பல்லைக் கடிச்சுக்கிட்டாரு. "நீ முள்ளைப் படிய வச்சாலும் வருவேன், வைக்கலேன்னாலும் வருவேன். வச்சா எனக்குக் கொஞ்சம் வலி கம்மி. அவ்வளவுதான்."

சொல்லிட்டு இன்னொரு அடி வந்தாரு. ரெண்டாவது முள்ளும் ஏறுச்சு.

சடையாண்டி பாத்துக்கிட்டே இருந்தான். தின்ன வர்றவன் இப்படிக் குத்து வாங்கிக்கிட்டு வரமாட்டானேன்னு முதல் தடவையா அவன் சந்தேகத்து மேலயே அவனுக்கு ஒரு சந்தேகம் வந்துச்சு. அப்புறம் அவரு இடுப்பைப் பாத்தான். தொங்குற கயிறு அந்தப் பள்ளத்துக்குள்ள கச்சிதமா உக்காந்திருந்துச்சு. யாரும் பிடிச்சு இழுத்த தடம் இல்ல அது. எத்தனையோ பேரைத் தாங்கித் தாங்கிக் கயிறே தேச்ச தடம்.

கண்ணை இறுக்கி மூடிக்கிட்டான். முள்ளு ஒவ்வொண்ணாப் படிஞ்சுது.

அண்ணாச்சி வேகமா வேலை பாத்தாரு. அறுந்த முனையை இவன் இடுப்புல சுத்தி முடிச்சுப் போட்டு, பாறையில நகத்தைப் பதிச்சாரு. பதிச்சதும் மேல 'படக்'குன்னு ஒரு சத்தம். பெரிய கயிறு போயிருச்சு. சடையாண்டியோட மொத்தக் கனமும் அண்ணாச்சி இடுப்புல இறங்குச்சு. அந்தப் பள்ளத்துலயே. உடும்பு பிடிச்சா விடாதுன்னு கேள்விப்பட்டிருப்பியே, அது அன்னிக்குத்தான் சடையாண்டிக்குத் தெரிஞ்சுது. ஒரு காலை எடுப்பாரு, ஊனுவாரு, மூச்சு விடுவாரு, அடுத்த காலை எடுப்பாரு. அப்படியே அடி வரைக்கும் கொண்டு வந்து சேத்தாரு.

கீழ ஒரு சின்னக் குன்று மாதிரி காஞ்ச இலை குவிஞ்சு கிடந்துச்சு. அதுமேல தொப்புன்னு விழுந்தான். பக்கத்துல பெரிய கண்ணை உருட்டிக்கிட்டு ஒரு தேவாங்கு நின்னான்.

"பெருசுன்னாரு..." அப்படின்னு இழுத்தான். "அதான் இலையை நிறைய அள்ளிப் போட்டேன். நேத்து வந்தது எலும்பும் தோலுமா ஒரு நரி. அதுக்கு இவ்வளவு வேணாம்."

செவலை ஓரமா ஊத்துப் பக்கத்துல உக்காந்து வாய் நிறையக் கிழங்கோட இவனைப் பாத்தா. அதான் சிரிப்புச் சத்தம் நின்னதுக்குக் காரணம்.

தேவாங்கு அண்ணாச்சி தோள்லருந்து முள்ளை ஒவ்வொண்ணாப் பிடுங்கினான். அவன் பிடுங்குற வேகத்துக்குச் சாயங்காலமே ஆயிருச்சு. அதுக்குள்ள சடையாண்டி கிழங்கு தோண்டி மூட்டை கட்டினான். மண்ணுல கிளம்பின புழுவையெல்லாம் ஒண்ணு விடாமப் பொறுக்கி, கொழுத்ததாப் பாத்து, அண்ணாச்சி முன்னால கொண்டு போய் வச்சான். மன்னிப்புக் கேக்கத் தெரியாதவன் அப்படித்தான் செய்வான்.

அண்ணாச்சி மேல ஏறிப் போய்ப் புதுக் கயிறு இறக்கினாரு. சடையாண்டி முடிச்சை இழுத்துப் பாத்தான். திருப்பி இழுத்துப் பாத்தான். அப்புறம் வெக்கப்பட்டு நிறுத்தினான்.

"நிறுத்தாத, இழுத்துப் பாரு" அப்படின்னாரு அவரு மேலருந்து. "முடிச்சைச் சந்தேகப்படு, கயித்தைச் சந்தேகப்படு. நானும் படுவேன். காலையில நீ அது ரெண்டையும் ஏன்னு கேக்கல. என்னை மட்டும்தான் பாத்துக்கிட்டிருந்த."

ராத்திரி வீடு வந்து சேந்தான். காத்தாயி வயிறாரச் சாப்பிட்டா, குட்டிங்க பாலைக் குடிச்சுட்டுத் தூங்கிப் போச்சுங்க. உடும்பு அண்ணாச்சி எப்படின்னு கேட்டா.

"தங்கமான மனுஷன்" அப்படின்னான் சடையாண்டி. ஒரு கிழங்கை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பாத்தான். அப்புறம், "அந்தத் தேவாங்கு இருக்கானே, எதுக்கு அவ்வளவு மெதுவாப் பேசுறான்?"னான்.

அதுக்குக் காத்தாயி என்ன சொன்னான்னா... இருப்பா, தொட்டி நிறைஞ்சு வழியுதாம், மோட்டாரை நிறுத்தக் கூப்பிடுறாங்க. வர்றேங்க, இதோ வந்துட்டேன். நீதியை மட்டும் வாங்கிக்க, நான் கிளம்புறேன்.

நீதி: சந்தேகப்படுறது தப்பில்ல, ஆனா நாம தொங்குற கயித்துலயே அதைத் தீட்டிப் பாக்கக் கூடாது.