ஓட்டையை ஓதிய வெண்காடன்

முன்னொரு காலத்தில், பெயர் சொல்லத் தேவையில்லாத ஒரு தேசத்தில், அழுகைக்குத் தடை போட்ட ராஜா ஒருவர் இருந்தார். ராஜாக்களுக்கு வரும் கிறுக்குகளில் இது கொடுமையான கிறுக்கு. ஆனாலும் அவரைத் திட்ட எனக்கு மனம் வரவில்லை. அவருடைய ஒரே மகள், சின்னஞ்சிறு நன்முல்லை, காய்ச்சலில் போய்ச் சேர்ந்திருந்தாள்.

பிள்ளையை அடக்கம் செய்த ஈரம் காய்வதற்குள் ஏட்டுச்சாலைத் தலைவர் பரஞ்சோதியார் ராஜாவிடம் வந்தார்.

"அரசே, நம்மிடம் ஒலியேடு என்றொரு பழஞ்சுவடி உண்டு. அதன் ஓசைகளைப் பிசகாமல் ஓதினால் நடந்தது நடக்காததாகும், மாண்டவர் மீள்வர். ஆனால் ஓதி முடியும்வரை நாட்டில் ஒருவரும் அழக்கூடாது. அழுதால் போன உயிர் திரும்பாது."

ஆறுதலுக்குச் சொன்னாரா, தன் மதிப்பைக் கூட்டிக்கொள்ளச் சொன்னாரா? அவரைத் தெரிந்தவர்கள் இரண்டாவதைத்தான் சொல்வார்கள். ராஜா அந்தப் பேச்சைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். பறை நின்றது. கருமாதி என்ற வார்த்தையையே யாரும் எடுக்கவில்லை. மகாராணி முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அந்தப்புரத்தில் கிடந்தார்.

"நல்லது, ஓதும்" என்று ராஜா சொன்னபோதுதான் பரஞ்சோதியார் யோசிக்கத் தொடங்கினார். பலிக்காவிட்டால் யார் தலை போகும்? சட்டென்று அரண்மனை விகடகவி வெண்காடன் நினைவுக்கு வந்தான். ராஜாவுக்கு அவன் என்றால் உயிர். அதனாலேயே பரஞ்சோதியாருக்கு அவனைக் கண்டால் ஆகாது.

"அரசே, இளவரசி எந்தக் குரலைக் கேட்டுச் சிரித்தாரோ அந்தக் குரல்தான் இதை ஓத வேண்டும். ஓலையில் உள்ளதை உள்ளபடி ஓத வேண்டும். இல்லாத ஓர் ஓசை கூடினாலும் ஓதியவன் தலை உருள வேண்டும். அதுவே விதி" என்றார்.

அந்தக் குரல் வெண்காடனுடையதுதான். தினமும் காலையில் அவன் நன்முல்லை முன்னால் கழுதையாகக் கத்துவான். அவள் கைகொட்டி, "இன்னொரு தரம், வெண்காடா!" என்பாள். அவள் போனதிலிருந்து அவன் ஒரு தரமும் கத்தவில்லை. தலைக்குப் பயந்தான், பொய் சொல்வானேன். அதைவிடப் பெரிய பயம் ஒன்றும் இருந்தது. இந்தச் சுவடி பொய்த்தால் ராஜா இன்னொரு சுவடியைத் தேடுவார். அதுவரை மகாராணி அழாமலே செத்துப்போவார்.

சபை கூடியது. வெண்காடன் சுவடிக்கட்டை அவிழ்த்தான். ஏடுகளுக்கு வருஷாவருஷம் எண்ணெய் தடவ வேண்டும். பரஞ்சோதியாரின் ஆட்சியில் அதெல்லாம் யார் செய்தது? ஓலைகளின் நடுவே எலுமிச்சம்பழம் நுழையும் அளவுக்குப் பூச்சி அரித்திருந்தது. வெண்காடன் முதல் வரியை ராகத்தோடு ஓதினான். ஓட்டை வந்ததும் வாயை மூடிக்கொண்டான்.

சபை காத்திருந்தது. அவன் வாயைத் திறக்கவில்லை.

"ஏன் நிறுத்தினாய்?" என்றார் ராஜா.

வெண்காடன் சுவடியை மடியில் வைத்தான். "நிறுத்தவில்லை, அரசே. இந்த இடத்தில் ஓலையில் இருப்பது ஓட்டை. உள்ளதை உள்ளபடி ஓத வேண்டுமாம். ஆகவே ஓட்டையை ஓதிக்கொண்டிருக்கிறேன்."

"எவ்வளவு நேரம் ஓதுவாய்?"

"பூச்சி எவ்வளவு தின்றதோ அவ்வளவு நேரம். பரஞ்சோதியார் ஆசையாக வளர்த்த பூச்சி, அரசே. அவரைக் கேட்டால் தெரியும்."

ராஜா திரும்பினார். வாய்க்கு வந்ததைச் சொல்லிச் சமாளிக்கப் பார்த்த பரஞ்சோதியாருக்குத் தன் விதியே குறுக்கே வந்து நின்றது. இல்லாத ஓசையை அவர் வாய் சொன்னால் ஓதியவர் அவராகிவிடுவார்; உருளப்போவது அவர் தலை. "அடியேனுக்குத் தெரியாது, அரசே" என்றார்.

வெண்காடன் சுவடியை மறுபடி கையில் எடுத்து ஓட்டையை ஓதினான். சபையில் மூச்சுச் சத்தம்கூட இல்லை. அப்போதுதான் அந்தப்புரத்திலிருந்து முனகலாக ஒன்று கேட்டது. அது கொஞ்சம் கொஞ்சமாகப் பெருகி, "என் கண்ணே! என்னை விட்டுப் போயிட்டியே!" என்று வெடித்தது. இத்தனை நாளும் அந்த முனகல் இருந்திருக்கிறது. ராஜாதான் கேட்டதில்லை.

தடுக்க ஓடிய காவலர்களை ராஜா கையமர்த்தினார். கிரீடத்தைக் கழற்றிப் பக்கத்தில் வைத்தார். "என் மகள் செத்துப்போய்விட்டாள்" என்றார். அதற்குமேல் பேச முடியாமல் விம்மினார்.

நெடுநேரம் கழித்து, "அந்தச் சுவடி பொய்தானா, வெண்காடா?" என்று கேட்டார்.

"எழுத்தைப் பற்றி எனக்குத் தெரியாது, அரசே. ஓட்டை பலித்துவிட்டது."

பரஞ்சோதியாரின் பதவி போனது. மிச்சமிருந்த ஏடுகளுக்கெல்லாம் தன் கையாலேயே எண்ணெய் தடவ உட்கார்ந்தார். வெண்காடனிடம் என்ன பரிசு வேண்டும் என்று ராஜா கேட்டதற்கு, "கருமாதியன்று இளவரசியின் சமாதியில் ஒரே ஒரு தரம் கழுதையாகக் கத்த வேண்டும்" என்றான் அவன்.

அப்படியே ஆயிற்று. ஊரே நிற்க, மகாராணி நிற்க, வெண்காடன் கழுத்தை நீட்டிக் கத்தினான். பாதியிலேயே குரல் உடைந்து அழுகை வந்துவிட்டது. அழுகையும் கத்தலுமாகக் கலந்து, எந்தக் கழுதையும் கத்தியிராத விதமாக வந்த அந்தச் சத்தத்தைக் கேட்டு ராஜாவுக்குத் தன்னையறியாமல் சிரிப்பு வந்துவிட்டது. கண்ணீர் வழிய வழியச் சிரித்தார். மடியில் முடிந்து வைத்திருந்த மகளின் கொலுசை எடுத்து அவன் கையில் வைத்து மூடினார்.

"இன்னொரு தரம், வெண்காடா" என்றார்.