மரங்கொத்தி டீச்சரின் நியமன வழக்கு

புளியங்காட்டுக் குளக்கரையில் ஒரு பள்ளிக்கூடம் இருந்தது. அங்கே பாடம் சொல்லிக் கொடுக்கப் பள்ளிச் செயலர் கரடி ஒரு மரங்கொத்தியை வேலைக்கு வைத்தது. டீச்சரின் பெயர் செங்கமலம். அது மரப்பட்டையில் டொக் டொக்கென்று எழுத்துகளைக் கொத்திக் காட்டும். குட்டிகள் அதைப் பார்த்து இலைகளில் பல்லால் எழுதிப் பழகும். நாள் முழுக்க அங்கே சிரிப்பும் சத்தமும்தான்.

ஆனால் நியமனத்துக்குக் கல்வி அதிகாரி ஒப்புதல் தர வேண்டுமே! அந்த அதிகாரி ஓர் ஓணான். யார் எதைச் சொன்னாலும் தலையை ஆட்டும். கையெழுத்து மட்டும் போடாது.

"வேலைக்கு வைக்கிறதுக்கு முன்னாடி என்கிட்ட கேட்டீங்களா?" என்றது ஓணான்.

"மூணு தடவை கேட்டோமே சார்! நீங்களும் தலையாட்டினீங்களே!" என்றது கரடி.

"அது என் பழக்கம்யா! ஒப்புதல் கிடையாது, போங்க!"

செங்கமலம் யானை நீதிபதியிடம் வழக்குப் போட்டது. பன்னிரண்டு வாரத்துக்குள் மறுபடி பரிசீலிக்கும்படி யானை உத்தரவிட்டது. ஓணானும் பரிசீலித்தது. பன்னிரண்டாவது வாரத்தின் கடைசி நாளில் புதுக் காரணம் வந்தது. 'விதிப்படி ஆசிரியப் பறவைக்குக் காலில் முன்னால் மூன்று விரல், பின்னால் ஒரு விரல் இருக்க வேண்டும். மனுதாரருக்கோ முன்னால் இரண்டு, பின்னால் இரண்டு. நிராகரிக்கப்படுகிறது.'

மறுபடி வழக்கு. மறுபடி பரிசீலனை. இப்படியே மூன்று மழைக்காலம் ஓடிவிட்டது! செங்கமலம் மட்டும் ஒரு நாள்கூட லீவு போடவில்லை. வழக்கு நாளிலும் காலை வகுப்பை முடித்துவிட்டுத்தான் பறந்து வரும்.

கடைசி விசாரணை வந்தது. தோற்றால் செங்கமலம் பள்ளியை விட்டுப் போயாக வேண்டும். குட்டிகளுக்கு டீச்சரே இருக்காது. காடே யானை வழக்கு விசாரிக்கும் மருதமரத்தடியில் கூடிவிட்டது.

ஓணான் தெம்பாக எழுந்தது.

"கனம் நீதிபதி அவர்களே! ஒப்புதல் இல்லாத நியமனம் நியமனமே இல்லை. ஆகவே, சட்டத்தின் கண்ணில் இந்த மரங்கொத்தி யாருக்கும் ஓர் எழுத்துகூடச் சொல்லிக் கொடுக்கவில்லை! இதோ என் உத்தரவு!"

உத்தரவு எழுதியிருந்த தேக்கிலையை யானை வாங்கிப் பார்த்தது. அதன் காதுகள் விரிந்தன.

"அடடா, எழுத்து முத்து முத்தா இருக்கே! ஒரு பிழைகூட இல்லையே! யார் எழுதினது?"

"என் ஆபீஸ் கிளார்க்குங்க! இவனைப்போல ஆள் இந்தக் காட்டிலேயே கிடையாது!" என்று ஓணான் பெருமையோடு ஓர் அணிலை முன்னால் தள்ளியது.

"எங்கேப்பா படிச்சே?" என்று யானை கேட்டது.

அணில் ஓணானைப் பார்த்தது. செங்கமலத்தைப் பார்த்தது. வேலை போனாலும் போகட்டும் என்று வாலை நிமிர்த்திக்கொண்டது.

"குளக்கரைப் பள்ளிக்கூடத்துலங்கய்யா! எனக்கு எழுதக் கத்துக் கொடுத்தது இந்தச் செங்கமலம் டீச்சர்தான். வேற யார்கிட்டயும் நான் படிக்கலை!"

கூட்டம் கொல்லென்று சிரித்தது. யானைக்கும் சிரிப்பை அடக்க முடியவில்லை.

"அதிகாரி சார்! டீச்சர் யாருக்கும் எழுத்தே சொல்லிக் கொடுக்கலைன்னா, இந்த அணிலுக்கு எழுதத் தெரியாது. எழுதத் தெரியாதவன் எழுதின உத்தரவை நான் எப்படிப் படிக்கிறது?"

"அது வந்துங்கய்யா... எழுத்துதான் கண்ணு முன்னாடி இருக்குதுங்களே!"

"எழுத்து இருந்தா டீச்சரும் இருக்காங்க! இப்பவே ஒப்புதல் போடுங்க. பன்னிரண்டு வாரமெல்லாம் கிடையாது!"

ஓணான் அங்கேயே கையெழுத்துப் போட்டது. ஒப்புதல் ஆணையை எழுதியதும் அணில்தான். சந்தோஷத்தில் பல் நடுங்கி, டீச்சரின் பெயரிலேயே ஓர் எழுத்தை விட்டுவிட்டது. செங்கமலம் கண்ணைத் துடைத்துக்கொண்டு, டொக்கென்று ஒரு கொத்துக் கொத்தி அதைத் திருத்தியது. குட்டிகள் ஹோவென்று கூச்சல் போட்டுக்கொண்டு டீச்சரை வகுப்புக்கு இழுத்துக்கொண்டு போயின.

பிறருடைய உழைப்பின் பலனை அனுபவித்துக்கொண்டே அந்த உழைப்பு நடக்கவேயில்லை என்று சாதிப்பவர், கடைசியில் எல்லார் முன்னாலும் தம் வாயாலேயே தோற்றுப்போவார்.