இருவாட்சி பூசிய சுவர்

மலையடிக் காட்டில் மலையன் என்று ஓர் இருவாட்சிப் பறவை இருந்தான். சேறு பூசுவதில் அவனை மிஞ்ச ஆள் கிடையாது. இருவாட்சிகளின் வழக்கம் தெரியுமோ? முட்டையிடும் காலத்தில் பெண் பறவை மரப்பொந்துக்குள் போய் உட்கார்ந்துகொள்ளும். ஆணும் பெண்ணுமாகச் சேர்ந்து வாசலைப் பூசி அடைத்துவிடும். அலகு நுழைய ஒரு துளை மட்டும் இருக்கும். ஆண் பறவை அதன் வழியே பழம் ஊட்டும். மலையனின் மனைவி பவளமும் அப்போது பொந்துக்குள்தான் இருந்தாள்.

அந்த நேரம் பார்த்துப் புலி ராஜாவுக்கும் காட்டுப்பன்றிகளுக்கும் சண்டை மூண்டது. பன்றிகள் புதருக்குள் மறைந்து மறைந்து தாக்கின. ஒன்றுகூடப் பிடிபடவில்லை. எரிச்சலில் புலி, முயலளவே இருக்கும் சருகுமான்கள் மேல் பாய்ந்தது.

"அதுங்கதான் பன்றிகளுக்கு வழி காட்டுதுங்க!"

யாரும் கண்ணால் பார்க்கவில்லை. பார்க்கவா வேண்டும், ராஜா சொன்னால் போதாதா!

நரி மந்திரி மலையனிடம் வந்தது.

"மலையா, சண்டை முடியற வரைக்கும் சருகுமான்களைக் குகையில பத்திரமா வைக்கப் போறோம். வாசலைப் பூசிக் குடு. ஒரு துளை விடு, தீனி நாங்க போடறோம்."

"ஐயோ, அடைச்சா வைக்கறது?"

"உன் பெண்டாட்டியை நீ அடைச்சு வைக்கலையா? அது பாசம்தானே!"

"அட, ஆமா!" என்றான் மலையன். மந்திரியே தேடி வந்து கேட்டதில் அவனுக்கு உச்சி குளிர்ந்துவிட்டது.

செந்நாய்கள் சருகுமான்களை விரட்டி வந்தன. கிழடு, குட்டி, நிறைசினை, எதையும் விடவில்லை. இரண்டு குட்டிகளோடு வந்த வெள்ளச்சி என்ற சருகுமான் குகை வாசலில் நின்றாள்.

"அண்ணே, நாங்க என்ன தப்பு செஞ்சோம்?"

"தப்பா? பாதுகாப்பும்மா! நாலு நாள்தான்!" என்றான் மலையன். அவள் முகத்தைப் பாராமலே பூசி முடித்தான்.

நாலு நாள் நாற்பது நாளாயிற்று. குகைப் பக்கமிருந்து முனகல் கேட்டது. பிறகு நாற்றம் வந்தது. மலையனுக்குக் காது இல்லையா, மூக்கு இல்லையா? எல்லாம் இருந்தது. நரி பார்த்துக்கொள்ளும் என்று சொல்லிக்கொண்டு வேறு வழியாகப் பறந்தான், மகாராசன்.

ஒருநாள் அத்திப்பழம் ஊட்டும்போது, மந்திரிக்குத் தான் செய்து கொடுத்த வேலையைப் பவளத்திடம் பெருமையடித்தான். அவள் உள்ளேயிருந்தபடியே கேட்டாள். 

"இந்த வாசலை உள்பக்கம் பூசினது யாரு?"

"நீதான்."

"நானாவே விரும்பி உள்ளே வந்தேன். நினைச்சா என் அலகாலேயே உடைச்சுட்டு வெளியே வருவேன். அதுங்களால முடியுமா?"

மலையன் குகை இருந்த திசையைத் திரும்பிப் பார்த்தான்.

"அந்தப் பக்கம் போய் எத்தனை நாளாச்சு? சொல்லுங்க!"

மலையன் பதறிப் பறந்தான். குகை வாசலில் காவலே இல்லை. பத்து நாளைக்கு முன்பே புலியும் பன்றிகளும் சமாதானமாகிவிட்டார்களாம்! காவலுக்கு நின்ற செந்நாய்களும் வீட்டுக்குப் போய்விட்டன. உள்ளே உயிர்கள் இருப்பது எவனுக்கும் ஞாபகம் வரவில்லை. சொல்லவே நாக்கூசுகிறது.

அலகில் ரத்தம் வழிய வழிய மலையன் சுவரை உடைத்தான். உள்ளே போனவற்றில் பாதிகூட வெளியே வரவில்லை. வந்தவையும் எலும்பும் தோலுமாக இருந்தன. கடைசியாக வெள்ளச்சி தனியாக வந்தாள்.

"குட்டிங்க எங்கேம்மா?"

"பெரியவன் காய்ச்சல்ல போயிட்டான். சின்னவ நேத்து போனா." அவள் திட்டவில்லை, அழவும் இல்லை. "எவ்வளவோ முட்டிப் பார்த்தோம். உங்க பூச்சு ரொம்பக் கெட்டி, அண்ணே."

மலையன் தலை குனிந்தான்.  எந்த முகத்தை வைத்துக்கொண்டு மன்னிப்புக் கேட்பது? அவள் நொண்டி நொண்டி அவனைக் கடந்து போனாள்.

குற்றமற்றவர்களைக் கூட்டமாக அடைத்து அதற்குப் பாதுகாப்பு என்று பெயர் வைத்தால், அடைக்கச் சொன்னவனோடு சுவர் பூசிக் கொடுத்தவனும், பாராமல் போனவனும் அந்தப் பாவத்தில் பங்காளிகளே.