தொடையில் இரண்டு தட்டு

“ஜெயிச்சுட்டு நிக்கிறேன், கட்டிப்பிடிக்க ஒரு நாதி இல்ல! நீங்க பாட்டுக்குத் தண்ணி பக்கெட்டைத் தூக்கிக்கிட்டுப் போயிட்டீங்க!”

சனிக்கிழமை மனாஸ் நகரத்தில், சண்டைக் கூண்டுக்குள் நின்று ஜுவெனால் கத்தியது இது. செவ்வாய்க்கிழமை பெலெம் நகரத்தில், தன் குருவின் ஜிம்மில் நின்று, ஓர் எழுத்து மாறாமல் மறுபடி கத்தினான். நடுவில் விமானத்தில் ஒரு தடவை. இறங்கிப் பெட்டி எடுக்கிற இடத்தில் ஒரு தடவை.

குரு, ஜன்டிரா டீச்சர், பயிற்சி மெத்தையைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

“காலைத் தூக்கு” என்றாள்.

தூக்கினான். துடைத்தாள்.

“இது ஒரு பதிலா?”

“இன்னொரு காலு.”

டயர் கடைக்கு மேலே, மாடியில் இருந்தது அந்த ஜிம். டீச்சர் அவனைவிட இரண்டு வயது சின்னவள். பதினோரு வருஷத்துக்கு முன்னால் வந்து சேர்ந்தபோது முதல் வாரம் அவளை ‘நீ’ என்றுதான் கூப்பிட்டான். இரண்டாம் வாரம் அது ‘நீங்க’ ஆயிற்று. நடுவில் என்ன நடந்தது என்பதை அவனுடைய இடது தோள்பட்டைதான் சொல்ல வேண்டும்.

அந்தப் பதினோரு வருஷமும் காலையில் மோட்டார் சைக்கிள் டாக்ஸி, மாலையில் அடி உதை. இருபத்தொரு சண்டை. மூக்கு மூன்று தடவை உடைந்தாயிற்று. இப்போது, முப்பத்தாறு வயதில், அமெரிக்காவிலிருந்து ஒப்பந்தம் வந்திருந்தது. ஏழு வாரத்தில் லாஸ் வேகஸில் சண்டை. வெள்ளிக்கிழமைக்குள் கையெழுத்துப் போட்டு அனுப்ப வேண்டும்.

கூண்டுக்கு வெளியே, அவன் மூலையில் நிற்கப்போகிற குருவின் பெயர் என்ன என்று அதில் ஓர் இடம் காலியாக இருந்தது.

“உக்காரு.”

“முடியல. சனிக்கிழமையிலேர்ந்து ஒரு இடத்துல உக்கார முடியல.”

“மூலம் ஏதாவது வந்திருக்கா?”

“டீச்சர்!”

“இல்ல, கேட்டேன்.”

அவன் சுவருக்கும் ஜன்னலுக்கும் நடந்தான். ஜன்னலுக்கும் சுவருக்கும் நடந்தான். துடைத்த இடமெல்லாம் பாதத் தடம்.

“நான் எதுல குறை வச்சேன்? அதைச் சொல்லிடுங்க.”

“தட்டினியா?”

“என்னது?”

“காது வீங்கியிருக்கே தவிர நல்லாத்தானே கேக்கும்? தட்டினியா?”

இந்தத் தொழிலில் அது ஒரு வழக்கம். பிடியில் மாட்டிக்கொண்டவன், இனி முடியாது என்றால், பிடித்தவன் உடம்பில் இரண்டு தட்டு தட்டுவான். தோற்றுவிட்டேன், விடு என்று அர்த்தம். தட்டினால் விட்டுவிட வேண்டும். அந்த இரண்டு தட்டை நம்பித்தான் இவர்கள் காலையும் மாலையும் ஒருத்தர் கழுத்தை ஒருத்தர் நெரித்துவிட்டு, அப்புறம் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடவும் செய்கிறார்கள்.

“ரெஃப்ரி பாக்கல” என்றான்.

“நான் ரெஃப்ரியைக் கேக்கல.”

“வீடியோலயும் இல்ல. நாலு கேமரா வச்சிருந்தாங்க. நாலுலயும் இல்ல.”

“சரி. அப்ப இல்ல.”

அவள் பாதத் தடங்களைத் துடைக்க ஆரம்பித்தாள்.

இல்லை என்று அவள் அவ்வளவு சுலபமாக ஒப்புக்கொண்டது அவனுக்கு ஆகவில்லை.

“எதிர்ல நின்ன டார்சியோதான் பிடியைத் தளத்தினான். நான் திரும்பி அடிச்சேன். விழுந்தான். சண்டைன்னா அதான். தளத்தினது அவன் தப்பு.”

“ம்.”

“எதுக்குத் தளத்தினான்னு எனக்கென்ன தெரியும்?”

“ம்.”

“ம்முன்னா?”

“அந்தப் பக்கம் போ. இங்க துடைக்கணும்.”

வெளியே மழை பிடித்துக்கொண்டது. அந்த ஊரில் மதியம் மூன்று மணிக்குப் பெய்யாவிட்டால்தான் சேதி. கீழே டயர் கடையின் முன்பக்கத் தகரத்தில் சடசடவென்று விழுகிற சத்தத்துக்கு மேலே அவன் குரலை உயர்த்த வேண்டியிருந்தது.

“ஒரே ஒரு கேள்வி! வேகஸ்ல என் மூலையில நிப்பீங்களா, மாட்டீங்களா?”

டீச்சர் துடைப்பானைச் சுவரில் சாத்தினாள். ஈரக் கையைக் கால்சட்டையில் துடைத்தாள். மெத்தையின் நடுவே, அவனுக்கு முதுகு காட்டிச் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள்.

“பிடி.”

“எதை?”

“கழுத்தை.”

பின்னால் உட்கார்ந்து, இரண்டு காலையும் அவள் இடுப்பைச் சுற்றிப் போட்டு, அவள் கழுத்தை முழங்கைக்குள் இடுக்கினான். சனிக்கிழமை டார்சியோ அவனைப் பிடித்திருந்த அதே பிடி.

“என்ன, பிள்ளைக்குத் தாலாட்டா? நெரி.”

நெரித்தான். அவள் காது சிவந்தது. கழுத்து நரம்பு எழும்பியது. கை கீழே இறங்கி அவன் தொடையில் இரண்டு தட்டு தட்டியது.

இரண்டாவது தட்டு விழுவதற்குள் அவன் கை திறந்திருந்தது.

“ஏன் விட்ட?”

“தட்டினீங்களே.”

“இங்க ரெஃப்ரி யாரு?”

ஜிம்மில் அவர்கள் இரண்டு பேரைத் தவிர ஈ காக்காய் இல்லை.

“மறுபடி பிடி. இந்தத் தடவை விடக் கூடாது.”

“எதுக்கு டீச்சர் இதெல்லாம்?”

“வேகஸுக்கு ஆள் வேணுமா, வேண்டாமா?”

பிடித்தான். பல்லைக் கடித்தான். ஒரு கை மணிக்கட்டை மறு கையால் இறுக்கிக்கொண்டான். நெரித்தான்.

இரண்டு தட்டு.

கை திறந்தது.

“விடாதேன்னு சொன்னேனா இல்லையா?”

“சொன்னீங்க.”

“தமாஷா இருக்கா உனக்கு? மறுபடி பிடி.”

மூன்றாவது தடவை அவன் கண்ணை இறுக்க மூடிக்கொண்டான். என்ன ஆனாலும் விடுவதில்லை என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். அவள் தட்டினது தட்டின மாதிரியே இல்லை, விரல் நுனி பட்டது, அவ்வளவுதான்.

“மறுபடியும் விட்டுட்ட.”

“நான் விடல டீச்சர்! கை விடுது. நான் என்ன பண்ண? அதுவா விட்டுடுது.”

சொல்லிவிட்டு அவன் தன் வலது கையைப் பார்த்தான்.

அவள் எழுந்தாள். தொண்டையைத் தடவிக்கொண்டு இரண்டு தடவை இருமினாள். துடைப்பானை எடுத்துக்கொண்டு விட்ட இடத்திலிருந்து துடைக்கப் போனாள்.

அவன் எழுந்திருக்கவில்லை. கையைத் திருப்பிப் பார்த்தான். விரலை மடக்கினான், விரித்தான். மழை கொஞ்சம் ஓய்ந்து மறுபடி வலுத்தது.

“அவன் நம்பர் இருக்கா?”

“எவன் நம்பர்?”

“தெரிஞ்சுக்கிட்டே கேக்காதீங்க.”

அவள் போனை எடுத்து, பூட்டைத் திறந்து நீட்டினாள். பேசின எண்களின் வரிசையில் மேலேயே டார்சியோவின் பெயர். திங்கள் ஒன்று. ஞாயிறு இரண்டு. சனிக்கிழமை ராத்திரி, பக்கெட்டோடு அவள் காணாமல் போன அந்த நேரத்தில், ஆறு.

ஜுவெனால் அதை அழுத்தினான்.

“டீச்சரா?” ஒரு பெண் குரல், அவசரமாக. “நானே கூப்பிடணும்னு இருந்தேன். இன்னிக்குக் கொஞ்சம் கஞ்சி இறங்குச்சு. வலி மாத்திரை மட்டும்...”

“டீச்சர் இல்ல.”

“யாரு?”

“ஜுவெனால்.”

அந்தப் பக்கம் ஏதோ பாத்திரத்தை நங்கென்று வைத்த சத்தம்.

“என்ன வேணும்?”

“டார்சியோகிட்ட பேசணும்.”

“பேசணுமா!” என்றாள் டார்சியோவின் மனைவி. “தாடை ரெண்டு இடத்துல உடைஞ்சுபோயிருக்கு. வாயைக் கம்பி போட்டுக் கட்டி வச்சிருக்காங்க. ஒரு மாசத்துக்குத் திறக்கக் கூடாது. ஸ்ட்ரா வச்சு உறிஞ்சுறாரு. உங்களுக்குப் பேசணுமாம்.”

ஜுவெனால் போனை இறக்கிவிட்டான். டீச்சரைப் பார்த்தான். அவள் முதுகு மட்டும் தெரிந்தது. மறுபடி காதில் வைத்தான்.

“கேக்க முடியுமா அவனால?”

“காது ரெண்டும் தப்பிச்சுது. அது மட்டும்தான் தப்பிச்சுது.”

“அவன் காதுல வைங்க. கும்பிட்டுக் கேக்குறேன்.”

வைத்துவிட்டாள் என்றே நினைத்தான். அப்புறம் செருப்புச் சத்தம். ஒரு கதவு. தலையணை உரசுகிற சத்தம். அப்புறம் மூக்கால் விடுகிற மூச்சு, கனமாக, மிக அருகில்.

“டார்சியோ.”

மூச்சு நின்றது. பிறகு வந்தது.

“நான் தட்டினேன்டா.”

டீச்சரின் துடைப்பான் நின்றது.

“தொடையில. ரெண்டு தடவை. ஒரு தடவை இல்ல, ரெண்டு தடவை. நீ விட்ட. விட்டதும் நான்... ரெஃப்ரி பாக்கல. அது எனக்கு அப்பவே தெரிஞ்சுது. திரும்பும்போதே தெரிஞ்சுது.”

மூச்சு.

“சண்டை நடத்தினவங்களுக்கு இன்னிக்கே எழுதிக் குடுத்துடறேன். அமெரிக்காக்காரங்களுக்கும். அதுக்கப்புறம் அவங்க என்னைக் கூப்பிட மாட்டாங்க. பரவால்ல.” ஒரு வினாடி யோசித்தான். “பரவால்ல இல்ல. வயிறு எரியுது. ஆனா எழுதிடுவேன்.”

மூச்சு வந்தது. போயிற்று. வந்தது.

“கேக்குதா?”

மூச்சு.

“திட்டு. கெட்ட வார்த்தையிலயே திட்டு. உறுமு. என்னவாவது ஒரு சத்தம் போடு.”

தகரத்தின் மேல் மழை விழுந்துகொண்டே இருந்தது.

“டார்சியோ. ஏதாவது சொல்லேன்டா.”