ரயில் ஓட்டுநர் வேடம்

கெய்ரோவில் வஹீப் என்றொரு நடிகர் இருந்தார். இருபது வருஷம் கதாநாயகனின் அண்ணனாக, நண்பனாக, போலீஸ்காரனாகத் திரையில் வந்து போனவர். தனக்கேற்ற வேடத்தை யாரும் எழுதித் தராததால் தானே எழுத உட்கார்ந்தார். மற்றவர்களுக்கு எழுதிக் கொடுத்த நான்கு படங்களும் நன்றாக ஓடின. ஐந்தாவதைத் தனக்கென்று வைத்துக்கொண்டார்.

அது ஒரு ரயில் ஓட்டுநரின் கதை. வெள்ளத்தில் தவித்த கிராமத்து மக்களை ஏற்றிக்கொள்ள, உத்தரவை மீறி வண்டியை நிறுத்தியவன். தயாரிப்பாளர் கிடைக்க ஒன்பது வருஷமாயிற்று.

அவரிடம் திரைக்கதை கற்றுக்கொண்டிருந்தார் ஸாபிர். அவரும் நடிகர்தான், குருவைவிட இரண்டே வயது இளையவர். குருவை உஸ்தாத் என்றே அழைப்பார்.

படப்பிடிப்புக்கு முன் ஒரு காட்சியை எடுத்துப் பார்த்தார்கள். விசாரணைக் குழுவின் முன் ஓட்டுநர், "ஆமாம், நான்தான் நிறுத்தினேன்" என்கிற இடம். வஹீப் நன்றாக நடித்தார். எல்லோரும் பாராட்டினார்கள்.

பிறகு வெளிச்சத்தைச் சரிபார்க்க ஸாபிரை அதே இடத்தில் நிற்கச் சொல்லிக் கேமராவை ஓடவிட்டார்கள். திரைக்கதையைப் பிரதி எடுத்துக் கொடுத்தவர் என்பதால் வசனம் அவருக்கு மனப்பாடம். சொல்லி முடித்தார். விசாரணை அதிகாரியாக நடித்தவர் உட்காரச் சொன்ன பிறகும் உட்காராமல் நின்றார். வஹீப் அப்படி எழுதியிருக்கவில்லை.

இரண்டையும் திரையில் போடச் சொல்லி மூன்று முறை பார்த்தார் வஹீப். பிறகு வீட்டுக்குப் போனார். வேடம் கைவிட்டுப் போய்விட்டது என்றார் மனைவி நாஹித்திடம். யார் பறித்தது என்று அவள் கேட்டாள்.

"யாரும் பறிக்கவில்லை. அந்த ஓட்டுநர் ஸாபிர்தான். நானே கண்ணால் பார்த்தேன்."

மறுநாள் காலை திரைக்கதையை ஸாபிரின் கையில் வைத்தார். ஸாபிர் வாங்க மறுத்தார்.

"இது உங்கள் வேடம், உஸ்தாத்."

"நேற்றுவரை."

தயாரிப்பாளர் எவ்வளவோ சொல்லிப் பார்த்தார். வஹீப் அசையவில்லை. விசாரணைக் குழுவில் ஒரே ஒரு கேள்வி கேட்கும் அதிகாரியாக நடித்துவிட்டு ஒதுங்கிக்கொண்டார்.

படம் வெளியான முதல் காட்சி. முடிந்து விளக்குகள் எரிந்தபோது அரங்கம் முழுவதும் எழுந்து நின்றது. ஸாபிரை மேடைக்கு அழைத்தார்கள். கைதட்டல் ஓயவில்லை. நான்காவது வரிசையில் வஹீப் நின்று தட்டிக்கொண்டிருப்பதைப் பார்த்த ஸாபிர், மேடையைவிட்டு இறங்கி அவரிடம் வந்தார்.

"உண்மையைச் சொல்லுங்கள், உஸ்தாத். அங்கே நிற்க வேண்டியவர் நீங்கள். வலிக்கவில்லையா?"

"அன்றைக்கு வலித்தது."

"இப்போது?"

வஹீப் கைதட்டுவதை நிறுத்தவில்லை.

"ஒன்பது வருஷம் அந்த மனிதனை எனக்கு மட்டும்தான் தெரியும். இன்று இத்தனை பேர் அவனுக்காக எழுந்து நிற்கிறார்கள். நீ மேடைக்குப் போ, ஸாபிர். நான் இன்னும் தட்டி முடிக்கவில்லை."