மகாராஜா கண்டுபிடித்த தீவு

முன்னொரு காலத்தில், கொற்கரை என்ற கடலோர நாட்டைத் திடவிக்கிரமன் என்றொரு ராஜா ஆண்டுவந்தான். நல்லவன்தான், ஆனால் ஒன்றுக்கு ஆசைப்பட்டுவிட்டால் பிடித்த பிடியை விடமாட்டான். வாயில் வெற்றிலை இல்லாமல் அவனைப் பார்த்தவர்கள் யாருமில்லை.

ஒருநாள் சபையில் உலகப் படத்தை விரித்துப் பார்த்தவன், கடலுக்கும் அப்பால், ஒன்றுமே வரையாத மூலையில் ஒரு சிவப்புத் திட்டைக் கண்டான். "இது எந்தத் தேசம்?" என்றான்.

வெற்றிலை மடித்துக் கொடுக்கும் அங்கம்மாளுக்குத் தெரியும். முந்தின நாள் ராஜா தும்மியபோது தெறித்த தாம்பூலம் அது. அதை எந்த வாயால் சொல்வது?

கோதண்டராயர் என்ற சபைப் பிரமுகர் முந்திக்கொண்டார். "செம்மண் தீவு, பிரபு. அங்கே எல்லோருக்கும் ஒற்றைக் கால்தான். மரத்தில் முத்துக் காய்க்கும். என் பாட்டனார் போய் வந்திருக்கிறார். பெரிய மாலுமி என்று நாகமுத்துவைப் புகழ்வீர்களே, அவனை அனுப்பிப் பாருங்கள்."

அந்தப் புகழ்ச்சியைக் கேட்டுக் கேட்டு ராயருக்கு வெகுநாளாக வயிற்றெரிச்சல்.

"நாளைக்கே கிளம்பட்டும்" என்றான் ராஜா. அது ஐப்பசி, புயல் மாதம். நாகமுத்து அங்கம்மாளின் புருஷன்.

மறுநாள் வழியனுப்பச் சபை கூடியது. ராஜாவின் முன்னால் படம் விரிந்து கிடந்தது. அங்கம்மாள் வழக்கமான இரண்டு வெற்றிலைக்குப் பதில் நான்கை மடித்து, பாக்கையும் தாராளமாக வைத்துக் கொடுத்தாள். ராஜாவின் கன்னம் நன்றாக உப்பும்வரை காத்திருந்தாள்.

"ஒரு சந்தேகம் மகாராஜா. எல்லோருக்கும் ஒற்றைக் கால் என்றால், அந்த ஊர்ப் பிள்ளைகள் நொண்டி விளையாடும்போது துரத்துகிறவன் எவன், ஓடுகிறவன் எவன் என்று எப்படித் தெரியும்?"

ராஜா யோசித்துப் பார்த்தான். சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. படத்தில் ஐந்தாறு புதுத் தீவுகள் முளைத்தன. அதில் ஒன்று அரண்மனை வாசலிலேயே முளைத்தது.

அங்கம்மாள் கைகட்டி நின்றாள். "இந்தத் தேசங்களில் யார் குடியிருக்கிறார்கள் என்று ராயரையே கேளுங்கள் மகாராஜா. அவர் பாட்டனார் இங்கேயும் போயிருப்பார்."

ராயர் மெல்லத் தூணுக்குப் பின்னால் நகர்ந்தார். ராஜா உதட்டைத் துடைத்து விரலைப் பார்த்தான். பழைய திட்டைப் பார்த்தான். முதலில் வெட்கம் வந்தது. பின்னாலேயே சிரிப்பும் வந்தது.

"நாகமுத்து வீட்டுக்குப் போகட்டும்" என்றவன், தன் முத்துமாலையைக் கழற்றி அங்கம்மாளிடம் கொடுத்தான். "இது மரத்தில் காய்த்ததல்ல, அம்மா."

பிறகு, எச்சில் துப்பும் வெள்ளிப் படிக்கத்தைக் காட்டினான். "ராயரே, இன்றுமுதல் இதை ஏந்தி நிற்பது உம் வேலை. என் கடலில் இனி ஒரு தீவுகூட முளைக்கக் கூடாது."

அதன்பிறகு படத்தில் எதுவும் முளைக்கவில்லை. ராயரின் வெள்ளை அங்கவஸ்திரத்தில் மட்டும் அவ்வப்போது ஒன்றிரண்டு தேசங்கள் முளைத்ததாகக் கேள்வி.