அரைக்கால் படி

வெகு காலத்துக்கு முன்னால் செங்கழுநீர் நாட்டை இளவழுதி என்றொரு ராஜா ஆண்டுவந்தான். நல்லவன்தான். ஆனால் ஒன்று மனசுக்குப் பிடித்துவிட்டால் முன்பின் யோசிக்க மாட்டான்.

அவன் அரண்மனையில் ஒரு வழக்கம் இருந்தது. சமையற்கட்டோ மருந்துச்சாலையோ, எங்கே ஆள் எடுத்தாலும் முதலில் அளக்கச் சொல்வார்கள், பங்கு பிரிக்கச் சொல்வார்கள், சொன்ன வேலையைத் திருப்பிச் சொல்லச் சொல்வார்கள். தெரியாதவனுக்குக் கற்றுக்கொடுத்த பிறகே வேலை. அந்த ஏற்பாட்டைக் கவனித்துவந்தவர் மந்திரி திருவடிப்பிள்ளை. அது வல்லபராயர் என்ற பிரதானிக்குப் பொறுக்கவில்லை. மந்திரிக்கு வரும் மரியாதை தனக்கு வரவில்லையே என்று அவருக்கு வயிற்றெரிச்சல்.

ஒருநாள் இசக்கி என்ற பாட்டுக்காரன் சபையில் பாடினான். ராஜா சொக்கிப்போனான்.

"இவனுக்கு அரண்மனையில் ஒரு வேலை கொடுங்கள்!"

"மருந்துச்சாலையில் இடம் இருக்கிறது மகாராஜா," என்றார் வல்லபராயர். "ஆனால் மந்திரியார் இவனை அரிசி அளக்கச் சொல்லி அழவைப்பாரே! கணக்கெல்லாம் கடைக்காரர்களுக்கு. ராஜசேவைக்கு விசுவாசம் போதாதா?"

"போதும்! இன்றோடு அந்தப் பரீட்சையெல்லாம் ரத்து," என்றான் ராஜா. "என்ன சொல்கிறீர், மந்திரியாரே?"

திருவடிப்பிள்ளை கைகட்டி நின்றார். "உத்தரவு மகாராஜா. இனி சமையற்காரரும் உப்பை விசுவாசத்தோடு அள்ளிப் போடுவார். நாம் மோரை விசுவாசத்தோடு குடித்துக்கொள்ளலாம்."

சபை கொல்லென்று சிரித்தது. ராஜாவும் சிரித்தான். சிரிப்போடு பேச்சு முடிந்துவிட்டது. உத்தரவு மட்டும் மாறாமல் நிலைத்துவிட்டது.

கொஞ்ச நாள் கழித்து, ராஜாவின் யானை பவளக்கொடிக்கு வயிறு கட்டிக்கொண்டது. தாயில்லாமல் வளர்ந்த ராஜா, அவள் தும்பிக்கையைப் பிடித்துக்கொண்டு நடை பழகியவன். அரண்மனை வைத்தியர் பதறி ஓடிவந்து இசக்கியிடம், "பேதி எண்ணெயில் அரைக்கால் படி அளந்து கவளத்தில் பிசைந்து கொடு. சீக்கிரம்!" என்று சொல்லிவிட்டு வேறு பச்சிலை பறிக்கப் போனார்.

இசக்கி அரைப்படி ஒன்று அளந்தான். கால்படி ஒன்று அளந்தான். இரண்டையும் ஊற்றினான்.

மறுநாள் பொழுது சாய்வதற்குள் பவளக்கொடி படுத்தாள். எழுந்திருக்கவில்லை.

ராஜா அழுத அழுகையை ஊரே கேட்டது. பிறகு அழுகை கோபமாயிற்று. இசக்கியைச் சபை நடுவில் நிறுத்தினார்கள்.

"இவனைக் கொல்லவேண்டும் மகாராஜா," என்று முதலில் குரல் கொடுத்தவர் அவனுக்கு வேலை வாங்கிக்கொடுத்த வல்லபராயரேதான். "குழந்தைக்குத் தெரிந்த அளவு! வேண்டுமென்றே செய்திருக்கிறான்."

திருவடிப்பிள்ளை எழுந்தார். "தண்டனை சொல்கிறவருக்கு அந்த அளவு தெரிந்திருக்கவேண்டும், இல்லையா மகாராஜா? யாருக்குத் தெரிகிறதோ அவரே தீர்ப்புச் சொல்லட்டும்."

ஒரு குடம் நிலவேம்புக் கஷாயம் வந்தது. அரைப்படி, கால்படி, ஆழாக்கு என்று மூன்று அளவைகளும் ஒரு பெரிய செம்பும் வந்தன.

"அரைக்கால் படி அளந்து குடித்துவிட்டுத் தீர்ப்பைச் சொல்லுங்கள் பிரதானியாரே."

வல்லபராயர் அங்கவஸ்திரத்தைச் சரிசெய்துகொண்டு வந்தார். அரைப்படி மொண்டு செம்பில் ஊற்றினார். கால்படி மொண்டு ஊற்றினார். "இதோ, அரை. இதோ, கால்," என்று சபைக்குக் காட்டிவிட்டுக் குடித்தார். பாதியில் கண் பிதுங்கியது. கௌரவம் விடவில்லை, மீதியையும் விழுங்கினார்.

"கசப்பு எப்படி?" என்று கேட்டார் மந்திரி.

"தாங்கமுடியவில்லை!"

"இருக்காதா பின்னே? ஆறு பங்கு குடித்திருக்கிறீர்." கால்படியில் கஷாயத்தை மொண்டு ஆழாக்கில் ஊற்றினார் மந்திரி. ஆழாக்கு நிரம்பியது, கால்படியில் பாதி மிச்சம் நின்றது. "அரைக்கால் என்றால் காலில் பாதி. இந்தச் சின்ன ஆழாக்குதான் அது. அரையையும் காலையும் கூட்டினால் முக்கால் ஆகிவிடும். இசக்கி செய்த அதே பிழையைத்தான் பிரதானியாரும் செய்தார். அவரும் வேண்டுமென்றேதான் செய்தாரா?"

வல்லபராயர் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடினார். இந்த முறை யாரும் சிரிக்கவில்லை.

ராஜா ஆழாக்கைக் கையில் எடுத்து வெகுநேரம் பார்த்தான். "எனக்கும் தெரியவில்லை," என்றான் மெதுவாக. பிறகு இசக்கியைக் கேட்டான்: "தெரியாவிட்டால் வைத்தியரைக் கேட்டிருக்கலாமே?"

"கேக்கணும்னுதான் இருந்துச்சு மகாராஜா. இதுகூடத் தெரியலையான்னு சிரிச்சிருவாங்களோன்னு கூசிப்போச்சு."

ராஜா அவன் கட்டை அவிழ்க்கச் சொன்னான். வல்லபராயரின் பதவியைப் பறித்தான். பழைய வழக்கம் திரும்பவும் வந்தது. அளக்கக் கற்றுக்கொடுத்த முதல்நாள், சமையற்காரர்களுக்கு நடுவே ராஜாவும் தரையில் உட்கார்ந்திருந்தான்.

மந்திரிக்கு முத்துமாலை ஒன்றைக் கொடுக்கப் போனான். அவர் வாங்கிக்கொள்ளவில்லை.

"வேண்டாம் மகாராஜா. உத்தரவு போட்ட அன்றே காலில் விழுந்து தடுத்திருக்கவேண்டும். மனஸ்தாபம் வருமே என்று ஒரு வேடிக்கை சொல்லி ஒதுங்கிக்கொண்டேன். இன்றைக்கு இந்தப் புத்தி ஒரு ஆளைக் காப்பாற்றியது, சரி. அன்றைக்கே வேலை செய்திருந்தால் பவளக்கொடியும் இருந்திருப்பாள்."

இசக்கி மருந்துச்சாலையிலேயே இருந்தான். எது சொன்னாலும், "ஒருதடவை அளந்து காட்டுங்கய்யா," என்பான். வைத்தியர் முகம் சுளிக்காமல் காட்டுவார்.

ஒரு சாயங்காலம் யானைக் கொட்டடிப் பக்கம் போன இசக்கி, ராஜா தனியாக நிற்பதைப் பார்த்து ஒதுங்கப் போனான். ராஜா கூப்பிட்டான்.

"இசக்கி, அன்றைக்கு அந்தக் கவளத்தை அவள் உடனே வாங்கிக்கொண்டாளா?"

இசக்கி தலைகுனிந்தான். "இல்ல மகாராஜா. மூஞ்சிய மூஞ்சியத் திருப்பிக்கிட்டா. நான்தான் வெல்லத்தக் காட்டி, பாட்டுப் பாடி, சாப்பிட வெச்சேன்."

ராஜா அவன் தோளில் கைவைத்துக்கொண்டு, இருட்டும்வரை அங்கேயே நின்றான்.